காற்றைக் கட்டிய ஏடு

நான் எழுதியவற்றுள் ஒன்றே ஒன்றைத்தான் முன்பின் தெரியாதவர்கள் மண்டியிட்டு வாசித்திருக்கிறார்கள். அது, இல்லாத ஒரு நாட்டில், இல்லாத துறவிகள், இல்லாத எழுத்தில் எழுதியதாகச் சொல்லப்படும் ஏடு. அதில் என் பெயர் கிடையாது. பெயர் போட்டிருந்தால் ஒருவரும் மண்டியிட்டிருக்க மாட்டார்கள் என்பது என் மனைவியின் கருத்து.

நான் வுப்பர்டாலில் இருக்கிறேன். லிஃப்ட் திருத்தும் நிறுவனமொன்றில் வேலை. நடுவழியில் சிக்கிக்கொண்டவர்கள் உள்ளேயிருந்து மணியை அழுத்தினால் மறுமுனையில் கேட்கும் குரல் என்னுடையது. "அமைதியாக இருங்கள், ஆள் வந்துகொண்டிருக்கிறார், உள்ளே காற்றுக்குக் குறைவில்லை" என்று நல்ல ஜெர்மனில் சொல்வேன். மற்ற நேரமெல்லாம் வாசிப்பேன். அகதியாக வந்த புதிதில் வேலை செய்ய அனுமதி இல்லாததால் தொடங்கிய பழக்கம். அனுமதி வந்த பிறகும் விடவில்லை. கோயில் மலருக்கும் தமிழ்ப் பாடசாலை மலருக்கும் கட்டுரை கொடுப்பதுண்டு. பக்கம் நிரம்பாத வருடங்களில் போடுவார்கள்.

என் மகள் மருத்துவமனையில் எக்ஸ்ரே எடுப்பவள். பகல் முழுக்க "மூச்சை இழுங்கள், பிடியுங்கள், இனி விடலாம்" என்று சொல்லிச் சம்பாதிக்கிறாள். வார இறுதிகளில் அவள் வேறொரு ஆள். பள்ளிக் காலத்திலிருந்தே ஜெர்மன் நண்பர்களோடு சேர்ந்து காட்டுப் பக்கம் போய், வேடம் கட்டிக்கொண்டு, கற்பனை உலகமொன்றில் இரண்டு மூன்று நாள் வாழ்ந்துவிட்டு வருவாள். இந்த நாட்டில் அதற்கென்றே பெரிய கூட்டம் இருக்கிறது. பார்க்கிறவர் என்று யாரும் கிடையாது, வந்தவர் எல்லாரும் பாத்திரங்கள். கதையை உண்டாக்கியவர் தொடக்கத்தையும் சில முடிச்சுகளையும் முடிவுக்கான ஏற்பாட்டையும் செய்துவைப்பார். இடையில் நடப்பது வந்தவர்கள் பாடு. என் மனைவி இதற்கு வைத்த பெயர் காட்டுக்கூத்து.

போன வருடம் மகள் முதல் தடவையாகத் தானே ஒரு உலகத்தை உண்டாக்கி, தானே நடத்துவதென்று முடிவெடுத்தாள். அந்த உலகத்தின் பெயர் வெஸ்மாரா. மருந்துக்கடையில் போய் மூக்கடைப்புக்கு என்று கேட்டால் எடுத்துத் தருவார்கள் போன்ற பெயர். அதை அவளிடம் சொன்னேன்.

"அப்பா, நீங்கள் பேரை விடுங்கோ, கதையைக் கேளுங்கோ" என்றாள்.

கேட்டேன். வெஸ்மாராவில் காற்று இல்லை. கப்பல்களில் பாய்கள் துவண்டு தொங்குகின்றன. காற்றாலைகளில் பறவைகள் கூடு கட்டியிருக்கின்றன. ஒருவருக்கும் காற்று என்றால் என்னவென்று தெரியாது. பழைய பாட்டுகளில் அந்தச் சொல் மட்டும் இருக்கிறது. ஆதியில் ஒரு மடத்துத் துறவிகள், புயலுக்குப் பயந்து, உலகத்துக் காற்றுகளையெல்லாம் ஏட்டுக்கு ஒன்றாக எழுதிக் கட்டிவிட்டார்கள். ஏடுகள் சிதறிப்போயின. விளையாட வருகிறவர்கள் அவற்றைத் தேடிச் சேர்த்து, எழுத்தின் திறவுகோலைக் கண்டுபிடித்து வாசித்து, கடைசியில் உண்மையை உணர்ந்து நெருப்பில் போடவேண்டும். ஏடு எரியும். காற்று பிறக்கும்.

"காற்று என்னெண்டு பிறக்கும்?" என்று கேட்டேன்.

"அதுக்கு மெஷின் எடுப்பம். மரத்துக்கு இடையில பெரிய பாய் ஒண்டு கட்டிவிடுவம். நெருப்பு எழும்பேக்குள்ள பாயும் நிமிரோணும்."

நாள் முழுக்க அந்நியர்களின் மூச்சைப் பிடிக்கச் சொல்லி, விடச் சொல்லிக் கொண்டிருந்த பிள்ளைக்குள் இப்படியொரு உலகம் ஊறிக்கொண்டிருந்திருக்கிறது. நானும் அதே வருடங்களில் ஆட்களிடம் காற்றைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருந்தேன். எனக்கு ஊறியதெல்லாம் கால் வீக்கம்.

ஆபத்தையும் அவளே சொன்னாள். நடுவில் பிசகினால் பரவாயில்லை, ஆட்கள் மறந்துவிடுவார்கள். முடிவு பிசகினால் அதைத்தான் வருடக்கணக்கில் கதைப்பார்கள், இரண்டாம் தடவை அழைத்தால் வரமாட்டார்கள். எல்லாம் அந்த ஏடு எரிந்து காற்று எழும் கணத்தில் நின்றது.

"அந்த ஏட்டை நீங்கள் எழுதோணும் அப்பா. தமிழில எழுதுங்கோ. நான் ஜெர்மனுக்கு மாத்தி, என்ர எழுத்தில போடுறன்."

கோயில் மலர்க்காரர்கள் ஒருநாளும் இப்படிக் கேட்டதில்லை. அவர்கள் "ஏதும் இருந்தால் தாங்கோ" என்றுதான் கேட்பார்கள்.

முதலில் பழைய ஏடு எப்படி இருக்கும் என்று பார்க்க ஹாலே நகரத்துக்குப் போனோம். அங்கே ஒரு பழைய அறநிலையத்தின் சுவடிக்கூடத்தில், மிஷன் பாதிரிமார் காலத்தில் கப்பலேறி வந்த தமிழ் ஏடுகளை வைத்திருக்கிறார்கள். முன்கூட்டியே நேரம் கேட்டு டெர்மின் எடுத்து, பையைப் பூட்டி வைத்து, பேனாவைக் கொடுத்துப் பென்சிலை வாங்கிக்கொண்டு உள்ளே போனோம். குழந்தையைக் கொண்டுவந்து கிடத்துவதுபோல் ஒரு பெண் ஏட்டுக் கட்டை மெத்தையில் வைத்தார். தமிழ் படித்தவர் வந்திருக்கிறார் என்ற மரியாதையோடு என்னைப் பார்த்தார். நான் குனிந்தேன். புள்ளியும் கிடையாது, சொல்லுக்குச் சொல் இடைவெளியும் கிடையாது. கண்ணாடியைக் கழற்றினேன், துடைத்தேன், போட்டேன்.

"என்னப்பா எழுதியிருக்கு?"

"கனக்க ஆழமான விசயம்" என்றேன்.

மகள் அதைப் பெரிதாக எடுக்கவில்லை. அவள் எழுத்தைப் பார்க்கவே இல்லை. ஏட்டின் துளையையும், துளைக்குள் ஓடிய கயிற்றையும், அது சுற்றிவந்து முடிச்சுப் போட்டிருந்த விதத்தையும் கன நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். கயிறு அவிழ்ந்தால் ஏடெல்லாம் தனித்தனியாகப் போய்விடுமோ என்று அந்தப் பெண்ணிடம் கேட்டாள். போய்விடும், அதற்குப் பிறகு எது முதல் எது பின் என்று சேர்ப்பது பெரிய பாடு என்றார் அவர். மகள் பென்சிலால் முடிச்சின் படத்தை வரைந்துகொண்டாள்.

என் முதல் எழுத்துப் பிரதி நன்றாகவே இருந்தது என்று இன்றும் நம்புகிறேன். விண்ணும் மண்ணும் வந்தன, "அந்தோ" மூன்று தடவை வந்தது. மகள் வாசித்துவிட்டு, "அப்பா, இது கோயில் மலரில வாற ஆசிச் செய்தி மாதிரி இருக்கு" என்றாள்.

"அது பழைய துறவியளின்ர நடை."

"துறவியளுக்குக் காற்றைத் தெரிஞ்சிருக்கோணும். நீங்கள் உங்களுக்குத் தெரிஞ்ச காற்றை எழுதுங்கோ."

எனக்குத் தெரிந்த காற்று என்று உட்கார்ந்து யோசித்தால் முதலில் வந்தவை சோளகம், கச்சான், வாடை, கொண்டல். பெயர் நான்கும் தெரியும். எது எந்தப் பக்கத்திலிருந்து வரும் என்பதில் எனக்கும் மனைவிக்கும் கலியாணமான காலந்தொட்டு வழக்கு நடக்கிறது. பெயர்களை மட்டும் வைத்துக்கொண்டு, உள்ளே நான் உண்மையில் பட்ட காற்றுகளைப் போட்டேன். தொங்கு ரயில் வருமுன் நடைமேடையில் முதுகைத் தொடும் காற்று. அகதி விடுதியின் நீண்ட நடையில், எந்தக் கதவு திறந்தாலும் எல்லாக் கதவையும் அடித்துச் சாத்திய காற்று. விடிகாலை வேலைக்குப் போகையில் பேக்கரியின் பின்பக்கத்திலிருந்து வந்து, கொஞ்ச நேரம் கூடவே நடந்து, சந்தியில் விட்டுப்போகும் சூடான காற்று. லிஃப்ட் கூண்டின் அடியிலிருந்து ஏறிவரும் காற்று. கடைசியானதை இப்படி எழுதினேன்: "இது கதவு திறக்குமுன் வருவது. வருகிறவர் யாரென்று அதற்குத் தெரியும். சொல்லாது."

மகள் அதைக் கொண்டுபோனாள். கொஞ்ச நாளில் ஜெர்மனில் வாசித்துக் காட்டினாள். ரயில் மலைக்குள் ஓடும் விலங்காகியிருந்தது. லிஃப்ட் ஆழம் தெரியாத கிணறாகியிருந்தது. பேக்கரி ஒரு தெய்வத்தின் சமையலறை. என் வசனங்கள்தான், ஆனால் அவளுடைய ஜெர்மனில் அவை எழுந்து நின்றன. நான் இந்த மொழியில் பல வருடமாக அன்ட்ராக் என்ற விண்ணப்பங்களை எழுதுகிறேன், விண்ணப்பத்துக்கு வெளியே அது இப்படி மூச்சுவிடும் என்று எனக்குத் தெரியாது. "பரவாயில்லை" என்றேன். எங்கள் வீட்டில் அதற்கு மேல் ஒரு பாராட்டு இல்லை என்பது அவளுக்குத் தெரியும்.

ஏட்டை அவள் சமையலறை மேசையில் செய்தாள். காகிதத்தைப்போல மெல்லிசாகச் சீவிய மரத்தகடு இங்கே மரக்கடைகளில் கிடைக்கும். அதைக் கடும் தேநீரில் ஊறவைத்து, அமுக்கிக் காயவைத்து, சூட்டு ஊசியால் தான் உண்டாக்கிய எழுத்துகளைச் சுட்டாள். பிறகு கரியைத் தேங்காயெண்ணெயில் குழைத்துத் தேய்த்துத் துடைத்தபோது எழுத்துகள் மட்டும் கறுப்பாகத் தங்கின. கொக்கியும் சுழியுமாக, எந்த மொழியும் இல்லாத, ஆனால் ஒரு மொழியாகவே இருக்கவேண்டும் என்று தோன்றும் எழுத்து. ஏட்டைக் கையில் எடுத்தால் மடத்து வாசனையும் எங்கள் குளியலறை வாசனையும் கலந்து வந்தது. ஹாலேயில் பார்த்த முடிச்சையே போட்டுக் கட்டினாள்.

மனைவி வந்து பார்த்தாள். தொடவில்லை, கையைக் கட்டிக்கொண்டு பார்த்தாள். "இவ்வளவு வடிவாச் செய்துபோட்டு எரிக்கப் போறியோ?"

"ஓம் அம்மா. அதுதானே கதை."

"எரிக்கிறதெண்டால் ஏன் எழுதிறியள்?"

"அம்மா, இது விளையாட்டு."

மனைவி என்னைப் பார்த்தாள். நான் தேநீரைப் பார்த்தேன். எங்கள் ஊர் நூலகத்தை எரித்தபோது நான் சின்னவன். அடுத்த நாள் அப்பா சைக்கிளில் ஏற்றிக்கொண்டுபோய் எட்ட நின்று காட்டினார். பிறகு திரும்பி வந்துவிட்டோம். நான் வந்து சேர்ந்த இந்த நாடும் ஒரு காலத்தில் புத்தகங்களைக் குவித்துக் கொளுத்திய நாடுதான். அதை இவர்கள் பள்ளியில் படிப்பிக்கிறார்கள், மகளும் படித்திருக்கிறாள். ஆனால் அவளுடைய கதையில் எரிப்பது விடுதலை. அவள் அதை யோசித்துத்தான் வைத்திருந்தாள்: பயந்தவர்கள் எழுத்தால் கட்டிவைத்ததை நெருப்பு அவிழ்க்கிறது. நல்ல யோசனை. அதற்கு எதிராக என்னிடம் ஒரு சைக்கிள் சவாரி மட்டும்தான் இருந்தது.

காற்றுக்கு ஆள் எசன் நகரத்தில் கிடைத்தார். சாமத்திய வீடு என்னும் பூப்பு விழாக்களுக்கும் கலியாணங்களுக்கும் மேடை போடும் ஒரு அண்ணை. பெண் பிள்ளை பல்லக்கில் வரும்போது புகை வரவேண்டும், சேலைத் தலைப்பு பறக்கவேண்டும் என்பதற்காக அவரிடம் புகை மெஷினும் ஆளுயரக் காற்றாடிகளும் இருந்தன. கேட்டவுடன் ஒப்புக்கொண்டார், ஒரு நிபந்தனையோடு.

"சாமானைத் தர ஏலாது. நான் கொண்டுவாறன், நானே போடுவன். போன முறை ஒருத்தன் வாங்கிக்கொண்டு போய், புகை அடிச்ச அடியில அய்யரைக் காணேல்ல."

"அண்ணை, அங்க நிக்கிற எல்லாரும் வேடம் போடோணும்."

"அதுக்கென்ன, போட்டாப் போச்சு" என்றார். மாப்பிள்ளைத் தோழனுக்கு வைத்திருந்த பொன்னிறத் தலைப்பாகையும் சரிகைச் சட்டையுமாக வந்திறங்கினார். அங்கே வந்திருந்தவர்களுள் மிகச் சிறந்த உடை அவருடையதுதான். தென்கடல் வணிகர்களின் இளவரசர் என்று யாரோ முடிவுசெய்து, கண்டபோதெல்லாம் குனிந்து வணக்கம் வைத்தார்கள். அவரும் கோயில் திருவிழாவில் உபயகாரர் வாங்குவதுபோல் வாங்கிக்கொண்டார்.

இடம், சவர்லாந்து மலைப்பக்கம் வாடகைக்கு விடும் ஒரு பழைய பண்ணைவீடு. ஜூன் மாதம். எனக்கும் ஒரு பாத்திரம் இருந்தது: மடத்தின் கடைசிக் காவலர். சாம்பல் நிற அங்கி, கையில் தடி, முழுக் கதையிலும் ஒரே வசனம். கடைசி நாள் முற்றத்தில் நெருப்புச் சட்டியின் முன்னால் தீவட்டியோடு நின்று, "நெருப்பிடம் கொடுங்கள்" என்று ஜெர்மனில் சொல்லவேண்டும். மற்ற நேரங்களில் மூலையில் உட்கார்ந்து பழையவனாகத் தெரியவேண்டும். ஒத்திகை தேவைப்படவில்லை.

மகள் தனக்கு வைத்துக்கொண்டது மடத்து ஊமை வேலைக்காரி வேடம். அவள்தான் கதையை உண்டாக்கியவள் என்று எல்லாருக்கும் தெரியும். ஊமையாக இருந்தால் யாரும் கேள்வி கேட்க முடியாது, சூப்புப் பானையோடு எங்கும் போகலாம், வேண்டிய இடத்தில் வேண்டிய ஏட்டை வைத்துவிட்டு வரலாம்.

அவள் நடத்திய விதத்தை மூலையிலிருந்தே பார்த்தேன். ஒரு வார்த்தை பேசாமல் அத்தனை பேரை நகர்த்தினாள். ஒரு கதவைத் திறந்துவிட்டுப் போவாள். பத்து நிமிடத்தில் அதற்குள் ஒரு போர் நடக்கும். ஓர் ஏட்டைக் கிணற்றடியில் வைத்தாள். அதை எடுத்தது கப்பல் தலைவியாக வந்திருந்த, ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண். நிஜத்தில் பல் வைத்தியர். காற்றில்லாத உலகத்தில் பாய்க்கப்பல் வைத்திருக்கும் தலைவி, பிறந்ததிலிருந்து கப்பல் ஒரு முழம் நகர்ந்து கண்டதில்லை. அவர் கல்லில் மண்டியிட்டு, எழுத்தெழுத்தாகத் திறவுகோலோடு ஒத்துப் பார்த்து, "இது கதவு திறக்குமுன் வருவது" என்று மெதுவாக வாசித்தார். பிறகு திரும்பி, "இதை எழுதியவன் தனியாக இருந்திருக்கிறான்" என்று கூட்டாளிக்குச் சொன்னார். மூலையில் பழையவனாகத் தெரிந்துகொண்டிருந்த எனக்குத் தடியைச் சரியாகப் பிடிக்கவேண்டியிருந்தது.

இரண்டாம் நாள் மதியம்தான் அது நடந்தது. மண்டபத்தில் ஏடு யாருக்கென்று இரண்டு கூட்டத்துக்கு இழுபறி. ரப்பர் வாள்கள் சுழன்றன. ஓர் ஏடு கைதவறித் தரையில் விழுந்தது. மகள் சூப்புப் பானையோடு குறுக்கே வந்தாள், கீழே பார்க்கவில்லை, ஏட்டை மிதித்துவிட்டாள்.

நின்றாள். பானையைத் தரையில் வைத்தாள். குனிந்து ஏட்டை எடுத்து இரண்டு கண்களிலும் ஒற்றினாள். பிறகு மேசையில் வைத்துவிட்டுப் பானையைத் தூக்கிக்கொண்டு நடந்தாள்.

எங்கள் ஆட்களில் யார் இதைச் செய்தாலும் யாரும் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்கள். பேருந்தில் பக்கத்தில் இருப்பவரின் பத்திரிகையில் கால் பட்டாலும் கை கண்ணுக்குப் போகும். லிஃப்ட் கையேடு ஒன்று காலில் பட்டு நான் அலுவலகத்தில் செய்திருக்கிறேன். கண்ணில் தூசு என்று சமாளித்தேன். ஆனால் அங்கே மண்டபம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. வாள்கள் இறங்கின. கதையை உண்டாக்கியவளே செய்திருக்கிறாள் என்றால் அது குறிப்பாகத்தான் இருக்கவேண்டும். கப்பல் தலைவி தன் இடுப்பிலிருந்த ஏட்டை எடுத்தார். இடது கண், வலது கண். அவருக்குப் பின்னால் நின்ற இரும்புச் சட்டைக்காரர் தலைக்கவசத்தைக் கழற்றிவிட்டுச் செய்தார்.

பின்னேரத்துக்குள் எல்லாரும் செய்தார்கள். ஏட்டைக் கைமாற்றும்போது செய்தார்கள், வாசிக்குமுன் செய்தார்கள். அடுத்த நாள் காலை அதற்கு விளக்கமும் வந்துவிட்டது: ஒரு கண் கண்ட காற்றுக்கு, மறு கண் காணாத காற்றுக்கு. சண்டையில் ஏடு தரையில் பட்டால் இரண்டு பக்கமும் வாளை இறக்கவேண்டும் என்று தங்களுக்குள் சட்டம் போட்டுக்கொண்டார்கள்.

மகள் விறகுக் குவியலுக்குப் பின்னால் என்னைப் பிடித்தாள். ஊமை வேடத்தில் இருந்ததால் இரண்டு நாள் பேசாத பேச்செல்லாம் ஒன்றாக வந்தது.

"அப்பா, நான் என்ன வேலை பார்த்தனான்? கை தானாப் போச்சு. இனி இந்த ஆக்கள் எரிக்க மாட்டினம்."

"எரிப்பினம். கதையில அப்பிடித்தானே?"

"கண்ணில ஒத்தினதை ஆர் எரிப்பினம்? நீங்கள் எரிப்பியளோ?"

நான் விறகைப் பார்த்தேன்.

"பாத்தீங்களோ" என்றாள். "எரியாட்டி காற்று இல்லை. காற்று இல்லாட்டி முடிவு இல்லை. எல்லாரும் நாலு மணித்தியாலம் கார் ஓடி வந்தவை."

"என்ர வசனம் இருக்குத்தானே. நான் சொல்லுறன்."

"வடிவாச் சொல்லுங்கோ அப்பா. லிஃப்டில நிக்கிற சனத்துக்குச் சொல்லுற மாதிரிச் சொல்லுங்கோ."

மாலையில் எல்லாரும் முற்றத்தில் கூடினார்கள். சூரியன் இன்னும் மலைக்கு மேலேதான் நின்றது. இரும்புச் சட்டியில் நெருப்பு. பின்னால் இரண்டு மரங்களுக்கிடையில் கப்பல் தலைவியின் பாய் துவண்டு தொங்கியது. அதற்கும் பின்னால், மரங்களுக்குள், காற்றாடிகளோடு மேடை அண்ணை. பெரிய நெருப்பு எழும்பியவுடன் போடவேண்டும் என்று அவருக்குச் சொல்லியிருந்தது. ஏடுகள் எல்லாவற்றையும் சேர்த்து, ஹாலே முடிச்சுப் போட்டு, கப்பல் தலைவி இரண்டு கைகளிலும் ஏந்தி வந்தார். நான் தீவட்டியை உயர்த்தினேன். அமைதியான, ஆள் வந்துகொண்டிருக்கிறார் என்று நம்பவைக்கும் குரலில், "நெருப்பிடம் கொடுங்கள்" என்றேன்.

ஒருவரும் அசையவில்லை.

"காவலரே" என்றார் கப்பல் தலைவி. "நீங்கள் இதை இவ்வளவு காலம் காத்தவர். இது எரியவேண்டும் என்று உண்மையாகவே விரும்புகிறீர்களா?"

இது எழுதிவைத்த வசனம் இல்லை. அவர் நேராக என் கண்ணைப் பார்த்துக் கேட்டார். விரும்புகிறேன் என்றால் மகள் எழுதிவைத்த முடிவு நடந்துவிடும். வாயைத் திறந்தேன். சிக்கிக்கொண்டவர்களிடம் பொய் சொல்லிப் பழகிய வாய்தான். ஆள் புறப்படுமுன்னே வந்துகொண்டிருக்கிறார் என்று எத்தனை தடவை சொல்லியிருக்கிறேன். அன்றைக்குப் பொய் வரவில்லை.

"அவரால் சொல்ல முடியவில்லை" என்றார் கப்பல் தலைவி மற்றவர்களிடம். "ஊமைப் பெண்ணைக் கேட்போம். முதலில் வணங்கியவள் அவள்தான்."

எல்லாரும் திரும்பினார்கள். மகள் சுவரோரமாக, சூப்புக் கறை படிந்த ஏப்ரனோடு நின்றாள். அவள் முகம் வெளுத்திருந்தது எனக்கு மட்டும் தெரிந்திருக்கும். மெதுவாக நடந்து வந்தாள். ஏட்டுக் கட்டை வாங்கினாள். கண்களில் ஒற்றினாள். அவள் யோசிப்பது எனக்குத் தெரிந்தது, எதை என்று தெரியவில்லை.

பிறகு முடிச்சில் கை வைத்தாள். அவிழ்த்தாள். கயிற்றைத் துளைகளிலிருந்து நீளமாக உருவி எடுத்தாள். ஏடுகளை ஒவ்வொன்றாக, அதை அதைக் கண்டுபிடித்தவர்களின் கையிலேயே திருப்பிக் கொடுத்தாள். கடைசியில் அவள் கையில் கயிறு மட்டும் மிஞ்சியது. அதை நெருப்பில் போட்டாள்.

காற்றைக் கட்டியது எழுத்து அல்ல, கயிறு என்று கூட்டத்துக்கு ஒவ்வொருவராகப் புரிந்துவருவதை முகங்களில் பார்த்தேன். எனக்கும் அப்போதுதான் புரிந்தது. மாதக்கணக்காகக் கட்டிய கதையை அந்த ஒரு நிமிடத்தில், ஒரு வார்த்தை இல்லாமல், முன்னிலும் நல்லதாக மாற்றிவிட்டாள். நான் இருபது வருடம் கட்டுரை எழுதியும் ஒரு கடைசிப் பந்தியை இப்படி முடித்ததில்லை.

ஆனால் காற்று வரவில்லை.

கயிறு சின்னதாக, திரி எரிவதுபோல் எரிந்தது. பெரிய நெருப்பு எழும்பவில்லை. மரங்களுக்குள் நின்றவருக்கு ஒன்றும் தெரிந்திருக்காது. பாய் தொங்கியபடியே இருந்தது. எல்லாரும் பாயைப் பார்த்தார்கள். மகள் என்னைப் பார்த்தாள். என் கையில் தீவட்டி மட்டும் இருந்தது. ஒரு காவலர் மரங்களைப் பார்த்து "அண்ணை" என்று கூப்பிடலாமா என்று யோசித்துக்கொண்டே நின்றேன்.

அப்போது பாய்க்குப் பின்னாலிருந்து பொன்னிறத் தலைப்பாகையோடு தென்கடல் இளவரசர் வெளியே வந்தார். நெருப்பைப் பார்த்தார், கூட்டத்தைப் பார்த்தார். பிறகு அத்தனை அமைதிக்கும் நடுவே, மண்டபத்தில் மைக் சோதிக்கும் குரலில் கேட்டார்:

"பிள்ளை, போடட்டோ, விடட்டோ?"

கூட்டத்தில் யாருக்கும் தெரியாத மொழி. எல்லாரும் ஊமைப் பெண் பக்கம் திரும்பினார்கள்.

அவள் வாயைத் திறந்தாள்.

"போடுங்கோ மாமா" என்றாள்.

ஊமை பேசியதும் கூட்டத்தில் எழுந்த சத்தம் இன்றும் காதில் இருக்கிறது. கப்பல் தலைவி கையை வாயில் வைத்துக்கொண்டார். தலைப்பாகை மறைந்தது. எங்கோ ஒரு உறுமல் தொடங்கியது. பாயின் கீழ்முனை முதலில் அசைந்தது, வெட்கப்படுவதுபோல். பிறகு நடுப்பகுதி மூச்சிழுத்தது. பிறகு முழுப் பாயும் ஒரேயடியாக நிமிர்ந்து, மரங்கள் முனக, முற்றத்துக்கு மேலே புடைத்து நின்றது. அங்கிகள் பறந்தன. இரும்புச் சட்டைக்காரர் ஏட்டை மார்போடு பிடித்துக்கொண்டு கண்ணை மூடி முகத்தை நீட்டினார், வாழ்க்கையில் முதல் தடவையாகக் காற்றுப் படுகிறவரைப்போல. கப்பல் தலைவி பாயின் அடியில் போய் நின்று, மறைக்காமல் அழுதார்.

மகள் அங்கேயே நின்றாள். தலைமயிர் எல்லாம் முகத்தில். என்னைப் பார்த்துச் சிரித்தாள்.

அண்ணை வேலையில் ஒரு குறை வைக்கக்கூடாது என்று புகையையும் சேர்த்துப் போட்டுவிட்டார். கொஞ்ச நேரம் ஒருவரையும் காணவில்லை. அந்தப் புகைக்குள்ளிருந்து அவர் வந்து என் பக்கத்தில் நின்று, கூட்டத்தை எட்டிப் பார்த்தார்.

"எத்தினை சாமத்திய வீடு செய்திருக்கிறன்" என்றார். "ஒண்டிலயும் சனம் இப்பிடி அழேல்ல. பிள்ளை என்ன கதை சொன்னவ?"

"ஒண்டும் சொல்லேல்ல அண்ணை. நீங்கள் கேட்டதுக்கு மறுமொழிதான் சொன்னவ."

அவர் நம்பாமல் என்னைப் பார்த்தார். பிறகு என் கையைக் காட்டினார்.

"அதைக் கீழ வையுங்கோவன். அது எப்பவோ நூந்துபோச்சு."

பார்த்தேன். தீவட்டி அணைந்து, புகைந்துகொண்டிருந்தது. பாய் நிமிர்ந்தபோதே அணைந்திருக்கவேண்டும். நான் கவனிக்கவில்லை, இன்னும் உயர்த்திப் பிடித்தபடியே நின்றிருக்கிறேன்.